கணிநிரலும் வழிநூலும்: பாலக்காட்டுச் சூழலை முன்வைத்து

1957 ஆம் ஆண்டின் இந்தியப் பதிப்புரிமைச் சட்டம் 1984 இல் திருத்தப்பெற்றபோது, கணிநிரல் 'இலக்கியப் படைப்பு' என்னும் வரையறைக்குள் கொண்டுவரப்பெற்றது. தமிழாய்வாளர் அதிகம் கருதாத செய்தி இது. சட்டத்தின் நோக்கில் கடைக்கணக்கு எழுதும் நிரலும் காப்பியமும் ஓரினமே. 1994 ஆம் ஆண்டுத் திருத்தம் 63பி என்னும் பிரிவைச் சேர்த்தது. உரிமமில்லாப் படியென அறிந்தே ஒரு நிரலைக் கணினியில் பயன்படுத்துவோர்க்கு ஏழு நாள் முதல் மூன்றாண்டு வரை சிறையும், 50,000 முதல் 2,00,000 ரூபாய் வரை தண்டமும் அது வகுத்தது. ஆதாயம் கருதாத பயன்பாட்டிற்குச் சிறையைத் தவிர்க்க நீதிமன்றத்திற்கு இடமளித்தது.

சட்டம் காவாததைத் திறவெண் காக்க முயன்றது. 'விண்டோஸ் 95' திறவெண்ணின் காவல் மிக எளியது. பின்னேழு இலக்கங்களின் கூட்டுத்தொகை ஏழால் வகுபட வேண்டும் என்பதே அதன் முதன்மை விதி. 2001 இல் வெளிவந்த 'எக்ஸ்பி' இருபத்தைந்து எழுத்துத் திறவெண்ணைக் கணினியின் வன்பொருளோடு பிணைத்துச் செயலாக்கம் கோரியது. ஆயினும் நிறுவனங்களுக்கென வழங்கிய பொதுத் திறவெண் ஒன்று கசிந்து உலகெங்கும் பரவிற்று.

திருட்டுப்படியின் பெருங்கேடு தண்டமன்று, திருத்தம் கிட்டாமையே எனலாம். 2017 மே மாதம் 'வான்னாக்ரை' என்னும் தீநிரல், கல்பாத்திக்கு அண்மையிலுள்ள பாலக்காடு இரயில்வே கோட்ட அலுவலகக் கணினிகளையும் தாக்கியது. அக்கணினிகள் உரிமமற்றவை என்பது இங்குக் கருத்தன்று. அத்தாக்குதலைத் தடுக்கும் திருத்தம் இரு திங்களுக்கு முன்னரே வெளியாகியிருந்தும், அது சென்று சேராத கணினிகளே வீழ்ந்தன. திருட்டுப்படியை வைத்திருப்போர் அகப்பட்டுவிடுவோமோ என அஞ்சி அத்தகைய திருத்தங்களையே நிறுத்திவைப்பது வழக்கம்.

கேரளப் பள்ளிகள் வேறு வழி கண்டன. யு. ஆர். ராவ் தலைமையிலான குழுவின் பரிந்துரைப்படி 2001 இல் 'ஐடி அட் ஸ்கூல்' திட்டம் உருவாயிற்று. தொடக்கப் பாடநூல் மைக்ரோசாப்ட் மென்பொருள்களைச் சார்ந்திருந்தமையை ஆசிரியர் அமைப்புகளும் கட்டற்ற மென்பொருள் இயக்கத்தாரும் எதிர்த்தனர். பள்ளிகள் படிப்படியாகக் குனு/லினக்சுக்கு மாறின. 2007 ஆம் ஆண்டின் மாநிலத் தகவல் தொழில்நுட்பக் கொள்கையும் கட்டற்ற மென்பொருளை முன்னிறுத்தியது.

இம்மாற்றம் சித்தூர், தேவிகுளம், பீருமேடு வட்டாரத் தமிழ்வழி மாணவர்க்குத் தரும் பயன் விலையின்மையோடு முடிவதில்லை. தொல்காப்பியம் நூலை முதலும் வழியுமென இரண்டாக்கி, மொழிபெயர்ப்பை வழிநூலின் வகையாக வைக்கிறது. குனு உரிமம் யாவரும் வழிநூல் செய்ய இசைவது. அவ்வழிநூலும் அவ்வுரிமத்தின்கீழே வழங்கவேண்டும் என்பதே அதன் கட்டு. தனியுடைமை நிரலைத் தமிழாக்க உரிமையாளரின் ஒப்புதல் வேண்டும். வேற்று மாநிலத்துச் சிறுபான்மையினரின் பொருட்டு எந்த வணிகர் அதற்கு முன்வருவார்?

நம் துறைகளும் இதில் குற்றமற்றவையல்ல. ஒவ்வோர் எழுத்துருவும் தனக்கெனக் குறியேற்றம் கொண்டிருந்த தொண்ணூறுகளில், கட்டுரையோடு அதன் எழுத்துருவையும் குறுவட்டில் படியெடுத்து அனுப்பினோம். இன்றேல் பெறுநர்க்கு எழுத்தே தெரியாது. 1999 இல் சென்னையில் கூடிய தமிழ்இணைய மாநாடு தாம், தாப் எனும் தரங்களை வகுத்தது. 2010 இல் தமிழக அரசு ஒருங்குறியை ஏற்றது. அதற்கு முந்தைய ஆய்வேடுகளுள் பல, எழுத்துருவை இழந்தமையால் இன்று திறந்தும் படிக்கவியலாக் கோப்புகளாய்க் கிடக்கின்றன.