இந்துப்பும் நம் அடுக்களையும்

இளஞ்சிவப்பு இந்துப்பை இன்று நம் முன்னோர் சமைத்த உப்பு என்று சொல்லி விற்கிறார்கள். தமிழ்நாட்டு வரலாறு இந்தப் பேச்சுக்கு இடம் தரவில்லை. சங்கப் பாடல்களில் உமணர்கள் வண்டியேற்றி உள்நாட்டுக்குக் கொண்டுபோய் நெல்லுக்கு மாற்றியது, நெய்தல் நிலத்து உப்பளங்களில் விளைந்த உப்பு. 1805இல் கிழக்கிந்தியக் கம்பெனி சென்னை மாகாணத்தின் உப்பைத் தன் ஏகபோகமாக்கியபோது வளைத்துப்போட்டதும் கடலோர அளங்களைத்தான். 1930 ஏப்ரலில் ராஜாஜி திருச்சியிலிருந்து தொண்டர்களோடு நடந்துபோய் வேதாரண்யத்தில் அள்ளியதும் கடலுப்பே. இந்துப்போ இன்றைய பாகிஸ்தானில், பஞ்சாபின் கேவ்ரா போன்ற சுரங்கங்களில் வெட்டியெடுக்கும் பாறை. அவ்வளவு தொலைவு கடந்து வந்த சரக்கு இங்கே மருந்துக்குப் பயன்பட்டது. அன்றாடக் குழம்புக்கு அல்ல. சித்த மருத்துவ நூல்களும் கறியுப்பை வேறாகவும் இந்துப்பை வேறாகவும்தான் வைத்து எண்ணுகின்றன. சரக சம்ஹிதை இந்துப்பைத் தினமும் உண்ணத்தக்கதாகச் சொல்கிறதே என்று கேட்கலாம். சொல்கிறது, உண்மைதான். ஆனால் மலையுப்பு கைக்கெட்டும் வடமேற்குக்குப் பொருந்திய வழக்கம், கடற்கரை நெடுக உப்பு விளைந்த நாட்டுக்கும் பரம்பரையாகிவிடாது.

பரம்பரையாக இல்லாவிட்டால் என்ன, உடம்புக்கு நல்லதுதானே என்பது அடுத்த வாதம். இந்துப்பும் பெரும்பகுதி சோடியம் குளோரைடுதான். நிறம் தரும் கனிமங்கள் அற்ப அளவில் இருப்பவை. அயோடின் கலந்த உப்பை விட்டு இதற்கு மாறுகிறவர்கள் இழப்பதைத்தான் கணக்குப் பார்க்க வேண்டும். இமயமலை அடிவாரத்துக் காங்ரா பள்ளத்தாக்கில் 1956இல் வி. ராமலிங்கசுவாமியும் சகாக்களும் தொடங்கிய ஆய்வில், அயோடின் சேர்த்த உப்பை உண்ட ஊர்களில் முன்கழுத்துக் கழலை தெளிவாகக் குறைந்தது. 1962இல் தேசியக் கழலைத் தடுப்புத் திட்டம் அதன் அடிப்படையில்தான் வந்தது. நாம் கடலோரத்துக்காரர்கள், நமக்கு இது எதற்கு என்று ஒதுக்கவும் முடியாது. கடல்நீரைக் காய்ச்சிய உப்பில் அயோடின் ஏறக்குறைய தங்குவதே இல்லை.

அயோடின் உப்புக்கு எழும் எதிர்ப்பில் நியாயமான பகுதி ஒன்று உண்டு. அயோடின் கலக்காத உப்பைச் சமையலுக்கு விற்க 1998இல் வந்த மத்திய அரசின் தடை, 2000இல் விலகி, 2006இல் திரும்ப வந்தது. கலப்பு இயந்திரம் வாங்க வசதியில்லாத சிறு உப்பளக்காரர்களுக்கு அது பாரம். பெரிய கம்பெனிகளுக்கு வசதி. அந்தக் குறை சட்டத்தை அமலாக்கிய விதத்தின் மேல் உள்ளது, அயோடின் மேல் அல்ல. இரத்த அழுத்தத்துக்குப் பயந்து மாற்று தேடுகிறவர்களுக்கோ, சோடியத்தில் ஒரு பங்கைக் குறைத்துப் பொட்டாசியம் குளோரைடு கலந்த உப்பு இருக்கிறது. இதற்குச் சொல்லிக்கொள்ள எந்த முன்னோரும் இல்லை என்பதால்தானோ என்னவோ, அவ்வளவாக விளம்பரமில்லை. உலக சுகாதார நிறுவனம் 2025இல் வீட்டுச் சமையலுக்கு இதைப் பரிந்துரைத்தபோது சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களையும் கர்ப்பிணிகளையும் குழந்தைகளையும் விலக்கியே சொன்னது. சிறுநீரகம் பழுதானால் உடம்பில் பொட்டாசியம் தேங்கி இதயத்துடிப்பையே குலைத்துவிடும்.