வீட்டுக் கடனின் முழுச் செலவு

வீட்டுக் கடனின் முழுச் செலவு என்பது அசல், தவணைக்காலம் முழுவதற்குமான வட்டி, செயலாக்கக் கட்டணம், அடமானப் பதிவுச் செலவு, காப்பீட்டுத் தொகை ஆகியவற்றின் கூட்டுத்தொகை. இதன் பெரும்பகுதியை நிர்ணயிப்பது வட்டி விகிதம் மட்டுமன்று, தவணைக்காலமும் ஆகும். ரூ.50 லட்சம் கடனை 8.5% ஆண்டு வட்டியில் 20 ஆண்டுகளில் அடைத்தால் மாதத் தவணை சுமார் ரூ.43,391, மொத்த வட்டி சுமார் ரூ.54 லட்சம். முதல் தவணையில் ரூ.35,417 வட்டிக்கே போகிறது. அசலில் பாதி கழிய ஏறத்தாழ 14 ஆண்டுகள் ஆகும். காலத்தை 30 ஆண்டாக நீட்டினால் தவணை ஏறக்குறைய ரூ.4,945 குறையும், வட்டியோ சுமார் ரூ.88 லட்சமாக உயரும்.

இந்தியாவில் 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ விகிதம் (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற புற அளவுகோலுடன் இணைக்கப்பட்டன. 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ விகிதம் 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமானபோது, பலருக்குத் தவணைத் தொகை மாறாமல் காலம் நீண்டது. கூடுதல் செலவு உடனே கண்ணில் படவில்லை.

பணவீக்கம் பிற்காலத் தவணைகளின் உண்மை மதிப்பைக் குறைக்கிறது, வரிச் சலுகையும் உண்டு என்பது எதிர்வாதம். முதலாவது உண்மையே, ஆயினும் வட்டி விகிதம் பணவீக்கத்தைவிட மிகுந்திருக்கும்வரை கடன் செலவாகவே நீடிக்கும். குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக் கழிவோ பழைய வரிமுறையில் ஆண்டுக்கு ரூ.2 லட்சம் என்ற வரம்புக்குட்பட்டது. எனவே தொடக்க ஆண்டுகளில் அசலை முன்கூட்டிச் செலுத்துவதே முழுச் செலவைப் பெரிதும் குறைக்கும் வழி.