டாங்கி வீரர் முதல் தணிக்கையாளர் வரை: யானுஷ் கயோஸின் முகம்

போலந்துத் திரைப்பட வரலாற்றை வைதா, கீஸ்லோவ்ஸ்கி முதலிய இயக்குநர்களின் வழியாகவே நாம் பயின்றுவருகிறோம். நடிகர் ஒருவரின் வழியாக அதை வாசித்தால் வேறொன்று புலப்படுகிறது: பார்வையாளரின் நினைவு. யானுஷ் கயோஸ் இதற்குத் தக்க சான்று.

1939 செப்டம்பர் 17 அன்று சோவியத் படை கிழக்குப் போலந்தில் நுழைந்தது. ஆறு நாள் கழித்து, ஜெர்மானியர் கைப்பற்றியிருந்த டோம்ப்ரோவா குர்னிச்சாவில் கயோஸ் பிறந்தார். 1965இல் லோட்ஸ் திரைப்படப் பள்ளியில் பட்டம் பெற்றார். மறு ஆண்டே அவரை நாடறியச் செய்தது 'நான்கு டாங்கி வீரர்களும் ஒரு நாயும்' என்னும் தொலைக்காட்சித் தொடர். 1966 முதல் 1970 வரை 21 பகுதிகளாக வெளிவந்த அத்தொடரில், சைபீரியாவிலிருந்து புறப்பட்டுச் சோவியத் படையுடன் தோளோடு தோள் நின்று போரிடும் போலந்து இளைஞன் யானெக்காக அவர் நடித்தார். 1940, 41இல் போலந்துக் குடிமக்கள் லட்சக்கணக்கில் சோவியத் உட்பகுதிகளுக்கு நாடுகடத்தப்பட்டதையோ, காட்டின் படுகொலையையோ அத்தொடர் பேசவில்லை. அந்த மௌனத்தின் மீதே ஒரு தலைமுறைச் சிறாரின் நாயகன் உருவானான்.

அப்பாத்திரம் கயோஸை நெடுங்காலம் விட்டு அகலவில்லை. ஓல்கா லிபின்ஸ்காவின் தொலைக்காட்சி நகைச்சுவை நிகழ்ச்சியில் ஏற்ற மேடைப் பணியாளர் வேடமே அப்பிம்பத்தைத் தளர்த்தியது.

அதனினும் பெரிய முறிவு, ரிஷார்ட் புகய்ஸ்கியின் 'விசாரணை'. ஸ்டாலின் காலச் சிறையில் குற்றமேதும் அறியாப் பெண்ணொருத்தியை வதைக்கும் அதிகாரியாக அதில் கயோஸ் நடித்தார். 1981 டிசம்பர் 13 அன்று இராணுவச் சட்டம் பிறப்பிக்கப்பட்டபின் நிறைவடைந்த அப்படம் தடைசெய்யப்பட்டது. எனினும் கள்ளப் பிரதிகளாக வீடியோ நாடாவில் பரவியது. திரையரங்குகளுக்கு வந்தது 1989இல்தான். நாயகி கிறிஸ்டினா யாண்டா 1990இல் கான் விழாவில் சிறந்த நடிகைக்கான விருதைப் பெற்றார்.

அதே 1990இல் போலந்தில் தணிக்கைத் துறை சட்டப்படி ஒழிக்கப்பட்டது. அவ்வாண்டு வெளியான மார்ச்செவ்ஸ்கியின் 'சுதந்திரம் திரையரங்கிலிருந்து தப்பித்தல்' படத்தில் கயோஸ் ஏற்றதும் தணிக்கையாளர் வேடமே. திரையிலுள்ள பாத்திரங்கள் எழுதித் தந்த வசனத்தைப் பேச மறுக்கின்றன. அவற்றை அடக்க அவர் அழைக்கப்படுகிறார்.

ஒரு சொல்லின் பொருள் அதன் முந்தைய பயன்பாடுகளையும் சுமந்தே வருகிறது என்பது மொழியியல் மாணவர் அறிந்தது. நடிகரின் முகமும் அத்தகையதே. வதைக்கும் அதிகாரியைக் கண்ட பார்வையாளர், தம் சிறுவயது வீரனையும் உடன் கண்டனர். அரசு தந்த நாயகனின் முகமே அரசின் கொடுமைக்கும் முகமானபோது, அவர்கள் கற்ற வரலாறே கேள்விக்குள்ளானது. இயக்குநர்களின் பட்டியலை மட்டும் பயில்வோர்க்கு இது புலப்படாது. தொலைக்காட்சித் தொடர்களையும் திரைப்பட வரலாற்றுச் சான்றுகளாகக் கொள்ள வேண்டும் என்பதற்கு இதுவே போதிய காரணம்.