அன்னம், பாம்பு, தாமரை... ராமகிருஷ்ண மடத்தின் சின்னத்தை வடிவமைத்தது யார் தெரியுமா?

ராமகிருஷ்ண மடத்தின் புத்தகங்களில் வட்டமான ஒரு சின்னத்தைப் பார்த்திருப்பீங்க. கொந்தளிக்கும் நீர், தாமரை, உதிக்கும் சூரியன், நடுவில் ஒரு பறவை, இதையெல்லாம் சுற்றி வளைத்த ஒரு பாம்பு. இதை வடிவமைத்தது தொழில்முறை ஓவியர் யாரும் இல்லை. துறவி விவேகானந்தர்தான்!

பாம்பன் கதை

1893-ல் அவரை சிகாகோ போகச் சொல்லி ஊக்கம் தந்தவர்களில் முக்கியமானவர் ராமநாதபுரம் மன்னர் பாஸ்கர சேதுபதி. கொழும்பு, யாழ்ப்பாணம் வழியாகத் திரும்பிய விவேகானந்தர், 1897 ஜனவரி 26-ல் பாம்பனில் கால் வைத்தார். குதிரைகளை அவிழ்த்துவிட்டு, மக்களோடு சேர்ந்து மன்னரும் அவரது வண்டியை இழுத்தார். பிறகு அங்கே 40 அடி உயர நினைவுத் தூணும் எழுப்பினார். அதில் பொறித்த வாசகம் 'சத்யமேவ ஜயதே'. பின்னாளில் நம் தேசியச் சின்னத்தில் இடம்பிடித்த அதே வாசகம்தான். அந்தச் சின்னம் ஏற்கப்பட்டதும் ஒரு ஜனவரி 26-ல்தான், ஆண்டு 1950.

பாம்பனில் இறங்கிய சில மாதங்களில், 1897 மே 1-ல், கல்கத்தாவில் ராமகிருஷ்ண மிஷனைத் தொடங்கினார் விவேகானந்தர். சின்னம் அதற்குப் பிறகு வந்தது.

என்ன அர்த்தம்?

1900 ஜூலை 24-ல் நியூயார்க்கிலிருந்து ஜோசபின் மெக்லவுடுக்கு எழுதிய கடிதத்தில் அவரே விளக்கியிருக்கிறார். சூரியன் ஞானம், தாமரை அன்பு, பாம்பு யோகம். கொந்தளிக்கும் நீர்? அது வேலை, அதாவது கர்மம். பாம்பன் கடலில் பிழைப்பு நடத்துபவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை!

இங்கே கவனிக்க வேண்டியது, அன்பைக் குறிக்கும் தாமரை நிற்பதே அந்த நீரில்தான். பாம்பனில் இறங்கிய கையோடு ராமேஸ்வரம் கோயிலில் பேசியபோதும், ஏழைகளிடமும் நோயாளிகளிடமும் சிவனைக் காண்பவரே உண்மையில் சிவனை வழிபடுகிறார் என்றுதான் அவர் சொன்னார். சேவை வேறு, பக்தி வேறு இல்லை.

பலர் வாத்து என்று நினைக்கும் அந்தப் பறவை அன்னம். பரமாத்மாவின் குறியீடு. நான்கு வழிகளும் ஒன்றுசேர்ந்தால் அதை அடையலாம் என்பது மடம் தரும் விளக்கம். சின்னத்தில் குருவின் முகம் இல்லை. ஆனால் 'பரமஹம்சர்' என்ற அவரது பட்டத்திலேயே ஹம்சம், அதாவது அன்னம் இருக்கிறதே!

கீழே இருக்கும் சமஸ்கிருத வாசகம், அந்த அன்னம் நம்மைத் தூண்டி வழிநடத்தட்டும் என்ற வேண்டுதல். கடிதம் எழுதி இரண்டு வருடம்கூட ஆகவில்லை, 1902 ஜூலை 4-ல் விவேகானந்தர் மறைந்தார். வயது 39. மடமும் மிஷனும் இன்றும் இதே சின்னத்தைத்தான் பயன்படுத்துகின்றன.