எலும்பு தின்னும் ஒட்டகம்

தமிழகத்திலும் ஈழத்திலும் பாலைத் திணை உண்டு, பாலைவனம் இல்லை. மழை பொய்த்து, முல்லையும் குறிஞ்சியும் தம் இயல்பு திரிந்தபோது கொள்ளும் வடிவமே பாலை என இளங்கோவடிகள் காடுகாண் காதையிற் சொல்லி வைத்தார். கள்ளியும் பருந்தும் ஆறலைகள்வரும் உள்ள அந்த நிலத்தில் ஒட்டகத்துக்கு என்ன வேலை என்று மாணவர் கேட்பதுண்டு. கேட்கவேண்டிய கேள்விதான்.

தொல்காப்பிய மரபியலில் ஒட்டகம் வருகிறது. அதன் பெண்ணைப் பெட்டை என்றும் இளமையைக் கன்று என்றும் வழங்கலாம் என்பது விதி. வெறுமனே காதில் விழுந்த விலங்குக்கு ஒரு பெயர் போதும். பெட்டைக்கும் கன்றுக்கும் மரபுப்பெயர் வகுக்கவேண்டி வந்ததென்றால், அவற்றைப் பற்றிப் பேசியவர்கள் இருந்திருக்கவேண்டும்.

நல்லூர் நத்தத்தனாரின் சிறுபாணாற்றுப்படை இதைவிடத் தெளிவான சாட்சி. எயிற்பட்டினத்துக் கரையிலே அலை கொணர்ந்து ஒதுக்கிய மணமரத் துண்டுகள், உயர்ந்த ஒட்டகங்கள் உறங்கினாற்போலக் கிடந்தனவாம். இன்றைய மரக்காணமே அந்தப் பட்டினம் என்பர். உவமை எதற்கு? தெரிந்ததைக் கொண்டு தெரியாததை விளக்குவதற்கு. கேட்பவருக்கு ஒட்டகம் தெரியாதென்றால் அந்த உவமை அங்கேயே விழுந்துவிடும். துறைமுகத்துக்குக் குதிரையைக் கொண்டுவந்த கடல் ஒட்டகத்தை மட்டும் விலக்கியிருக்குமா என்ன?

எனினும் என் மனத்தில் நிற்பது அகநானூற்று 245ஆம் பாடல். மதுரை மருதன் இளநாகனார் பாடியது. கல் நிறைந்த கவர்த்த வழியிலே, குன்றின்மேற் காய்ந்து கிடக்கும் வெள்ளெலும்பு ஒட்டகத்தின் பசியைத் தீர்க்கிறது என்கிறார் புலவர். இலை தழை மேயும் விலங்கு எலும்பு தின்னுமா? பாலையின் கொடுமையைக் காட்டப் புலவர் மிகைப்படுத்தினார் என்று விளக்கம் சொல்லித் தப்பிவிடுவது எளிது. ஆனால் ஒட்டகம் எலும்பைக் கடிப்பது உண்மை. மேய்ச்சல் நிலத்தில் பொசுபரசுச் சத்துக் குறைந்தால், கிடக்கும் எலும்பைத் தேடிச் சப்பும், மெல்லும். முள்மரத்தையே மேய்வதற்கேற்பத் தடித்த முனைப்புகள் நிறைந்தது அதன் வாய். இத்தகைய செய்தியைக் கற்பனை தராது. வரண்ட நாட்டிலே மெலிந்த ஒட்டகத்தை யாரோ ஒருவர் கண்டிருக்கிறார். அது புலவராகவும் இருக்கலாம்; வடபுலம் சென்று மீண்ட வணிகனாகவும் இருக்கலாம். கண்டவன் சொன்னதை மாற்றாமல் பாட்டில் வைத்ததும் புலமைதான்.

ஒட்டகத்தை அதன் இயற்கை நிலத்திலே காணப் புறப்படுவோருக்கு ஒரு வியப்புக் காத்திருக்கிறது. அரேபியாவின் ஒற்றைத் திமில் ஒட்டகம் ஏறக்குறைய 3,000 ஆண்டுகளுக்கு முன்பே மனிதனிடம் பழகிவிட்டது. காட்டிலிருந்த அதன் மூதாதை அழிந்துபோயிற்று. இன்று நாம் அரேபியாவிலும் சகாராவிலும் இராஜஸ்தானிலும் காண்பவை சொந்தக்காரன் உள்ளவை. அதே இனம் கட்டவிழ்ந்து பெருங்கூட்டமாகத் திரிவது, அது பிறவாத அவுஸ்திரேலியாவில்! 1860இல் ஆய்வுப் பயணம் ஒன்றுக்காகக் கராச்சியிலிருந்து கப்பலேற்றப்பட்டவற்றைத் தொடர்ந்து ஆயிரக்கணக்கில் அங்கு போயின. 1920களில் மோட்டார் வாகனம் வந்ததும் அவிழ்த்து விடப்பட்டன. மெய்யான காட்டு ஒட்டகம் இரட்டைத் திமிலுடையது. மொங்கோலியாவிலும் சீனாவிலும், கோபி முதலிய பாலைகளில், ஏறத்தாழ 1,000 மட்டுமே எஞ்சியுள்ளன.

குஜராத்தின் கச்சுக் கரையில் காராய் என்னும் இனம் உண்டு. இது கடலில் நீந்திச் சென்று திட்டுக்களில் வளரும் கண்டல் இலையை மேயும். நமது வாவிக் கரையிலும் கண்டல் உண்டு என்பதை நினைத்தால் திணை மயக்கம் பற்றிப் புதிதாக யோசிக்கத் தோன்றும். மன்னாரிலே நிற்கும் பெருக்கமரங்களை, தம் ஒட்டகங்களுக்குத் தழையாகுமென்று அராபிய வணிகர் கொணர்ந்து நட்டனர் என்பது அவ்வூர் வழக்கு. மரம் நிற்கிறது, ஒட்டகம் இல்லை.

நமது பகுதியினர் பலர் ஒட்டகத்தை முதன்முதலில் நேரிற் கண்டது மத்திய கிழக்கிலேதான். 1970களின் பிற்பகுதியிலிருந்து இலங்கையர் சவூதிக்கும் குவைத்துக்கும் கட்டாருக்கும் போகலாயினர். பெண்கள் வீட்டுப் பணிக்கு; ஆண்கள் கட்டட வேலைக்கு, சாரதிகளாக; சிலர் ஒட்டகம் மேய்க்கவும். சங்க நூலார் பொருள்வயிற் பிரிவு என்று ஆடவனுக்கு மட்டும் வகுத்த துறை, இங்கே தாய்மாருக்கும் உரியதாயிற்று. ஊரில் மீந்தது கைக்குழந்தையும் அம்மம்மாவும்.

அகநானூற்றுத் தலைவன் போகவில்லை. எலும்பு தின்னும் ஒட்டகம் உள்ள அந்தக் காட்டைத் தன் நெஞ்சுக்கு விவரித்து, அவளை விட்டுவிட்டு நீ வேண்டுமானால் போ, நான் வரமாட்டேன் என்று நின்றுவிடுகிறான். அவனுக்கு அப்படி நிற்க முடிந்தது.