இல்லாமற்போன உலகம்

நாவலாசிரியர்கள் இல்லாத ஊரையும் இல்லாத மனிதர்களையும் சிருஷ்டிக்கிறார்கள். அதற்காக அவர்களை யாரும் கோபிப்பதில்லை. ஆனால் கணக்குப் புலி ஒருவர், ஆகாசத்தில் இல்லாத உலகம் ஒன்றைக் கண்டுவிட்டால்?

அது நடந்தது நமது நுங்கம்பாக்கத்தில்தான். பூந்தமல்லியிலிருந்து பட்டணத்துக்கு வரும் நெடுஞ்சாலைக்குத் தெற்கே, கிழக்கிந்தியக் கம்பெனியார் 1792-ல் கட்டிய வானாராய்ச்சிக்கூடம் ஒன்று இருந்தது. அதன் தலைவராயிருந்த காப்டன் ஜேக்கப், ஒஃபியூகஸ் மண்டலத்தில் 70 என்று இலக்கமிட்ட இரட்டை நட்சத்திரத்தைக் கவனித்து வந்தார். சுமார் 88 வருஷத்துக்கு ஒரு தரம் ஒன்றையொன்று சுற்றி வரும் ஜோடி அது. கணக்குப்படி நிற்கவேண்டிய இடத்தில் அவை நிற்கவில்லை. கண்ணுக்குத் தெரியாத கிரகம் ஏதேனும் இழுக்கிறதோ?

இதைப் பேராசை என்று சொல்லக்கூடாது. யுரேனஸின் தடுமாற்றத்தைக் கொண்டுதானே 1846-ல் நெப்டியூனைப் பிடித்தார்கள்! ஜேக்கப்பும் 1855-ல், கிரகம் இருக்கக்கூடும் என்றுதான் எழுதினார், சத்தியம் செய்யவில்லை.

1890-களில் அமெரிக்காவில் ஸீ என்பவர் அந்த யூகத்துக்குப் புத்துயிர் கொடுத்தார். அவர் சொன்ன ஏற்பாடு நிலைத்து நிற்காது என்று 1899-ல் மௌல்டன் கணக்கிட்டுக் காட்டினார். ஜேக்கப்பின் கிரகம் இன்றுவரை அகப்படவில்லை. அளவெடுப்பில் நேர்ந்த சின்னஞ்சிறு பிழைகளே அதைப் பெற்றெடுத்தன என்கிறார்கள்.

1995-ல், சூரியனைப் போன்ற நட்சத்திரம் ஒன்றைச் சுற்றும் கிரகம் முதன்முதலாகக் கிட்டியது. அதையும் எவரும் கண்ணால் காணவில்லை. நட்சத்திரத்தின் தள்ளாட்டமே காட்டிக்கொடுத்தது. ஜேக்கப் பிடித்த வழி சரிதான். போய்ச் சேரவேண்டிய ஊர்தான் அங்கே இல்லை.