விளாவும் கை

வெந்நீரில் தண்ணீர் கலந்து உடல் பொறுக்கும் பதத்திற்குக் கொண்டுவருவதற்கு 'விளாவுதல்' என்ற தனிச்சொல்லே தமிழில் உண்டு. சேலத்திலிருந்து ஏற்காடு செல்லும் சாலையில், கொண்டை ஊசி வளைவுகள் தொடங்குமுன் வரும் அடிவாரத்தில் இச்சொல்லுக்கு ஆண்டில் சில மாதங்களே வேலை. சுமார் 1,500 மீட்டர் உயரத்திலுள்ள ஏற்காட்டிலோ மார்கழியில் விளாவாத நாளில்லை. விறகடுப்பில் தவலை கொதிக்கும். வாளியில் முதலில் தண்ணீர், பின்னரே வெந்நீர். அதன்பின் புறங்கையால் ஒரு சோதனை. வரிசையை மாற்றிய வீடுகளில், தண்ணீர் எடுக்கத் திரும்பிய இடைவெளியில் வாளிக்குள் கைவிட்டு அலறிய குழந்தைகள் உண்டு. பாட்டிமார் அந்த வரிசையை விட்டுக்கொடுக்காததில் வியப்பில்லை.

இலண்டனில் 1868-இல் பெஞ்சமின் வாடி மாகன் என்பவர் எரிவாயுவால் குளிநீரைச் சுடவைக்கும் கருவியொன்றை உருவாக்கினார். ஐஸ்லாந்தின் வெந்நீர் ஊற்றுக்குரிய பெயரை அதற்கு இட்டார். நாம் இன்றும் 'கீசர்' என்பது அதைத்தான். புகைபோக்கி இல்லாத ஆபத்தான கருவி அது! 1889-இல் அமெரிக்காவில் எட்வின் ரூட், நீரைச் சேமித்துத் தானே சுடவைக்கும் கலனை அமைத்தார். வெந்நீர் கிடைத்துவிட்டது. விளாவும் கைக்குத்தான் மாற்று வரவில்லை.

1937-இல் ஆல்ஃபிரட் மோயன் என்ற அமெரிக்க மாணவர் கை கழுவக் குழாயைத் திறந்தபோது கொதிநீர் கையைச் சுட்டது. வெந்நீரையும் தண்ணீரையும் ஒரே பிடியால் கலந்து தரும் குழாய் அந்தச் சூட்டில் பிறந்த எண்ணமே. அது 1947-இல் விற்பனைக்கு வந்தது. அதே ஆண்டில் மோரிட்ஸ், ஹென்ரிக்ஸ் என்னும் ஆய்வாளர்கள், 60 பாகை செல்சியஸ் சூடுள்ள நீர் சுமார் ஐந்து விநாடிகளில் தோலை ஆழமாகச் சுட்டுவிடும் என்றும், 49 பாகையில் அதற்குச் சில நிமிடங்கள் ஆகும் என்றும் காட்டினர். ஆனால் கலனின் சூட்டை மிகவும் குறைத்துவிட்டால் தேங்கிய நீரில் நோய்க்கிருமி வளரும். ஆகவே கலனில் சூடு இருக்கட்டும், குழாயில் கட்டுப்பாடு இருக்கட்டும் என்பதே பொருத்தமான வழி.

அக்கட்டுப்பாடு பல குழாய்களில் ஒரு சிறு பிளாஸ்டிக் வளையம். பிடியைக் கழற்றினால் உள்ளே பல் வைத்ததாகத் தென்படும். பிடி வெந்நீர்ப் பக்கம் எவ்வளவு திரும்பலாம் என்பதற்கு அதுவே எல்லை. வளையத்தை வெளியே இழுத்து, ஓரிரு பல் நகர்த்திப் பொருத்தினால் எல்லை மாறிவிடும்.

ஆனால் வளையத்திற்குப் பருவம் தெரியாது. மலைமேல் ஓர் இல்லத்தில், மார்கழிக் குளிருக்காக எல்லையைத் தளர்த்தி வைத்தவர்கள் அதை மறந்துவிட்டனர். சித்திரையில் குழாய்த் தண்ணீரின் குளிர்ச்சி குறைந்திருந்தது. பிடி பழைய எல்லைவரை திரும்பியது. முதியவர் ஒருவரின் தோள் வெந்துபோயிற்று. மறுநாள் நான் அங்கிருந்தபோது, அடிவாரத்திலிருந்து குழாய் வேலை செய்பவர் வந்தார். வளையத்தை இரண்டு பல் திருப்பினார். தண்ணீரைத் திறந்துவிட்டு வெப்பமானி எதையும் தேடாமல் புறங்கையை நீட்டினார். சற்று நேரம் அப்படியே நின்று, "இப்ப விளாவினாப்ல இருக்குங்க சாமி" என்றார்.